சூசைதாசனின் வள்ளத்துக்கு எந்தப் பெயிண்ட்?

அந்தோனி இனாமல் பெயிண்ட் டின்னின் மூடியைக் கிளப்பியதும், கட்டிலில் கிடந்த அவருடைய அண்ணன் சூசைதாசனுக்கு மூச்சு முட்டத் தொடங்கியது. சூசைதாசனின் மனைவி திரேசம்மா ஓடிவந்து யன்னல்களைத் திறந்தார்.

"மூடு தம்பி அதை! படம் கீற முதல் ஆளைக் கொண்டுபோடுவாய் போல கிடக்கு."

நான் தோட்டவெளி ஊர்க்காரன். கோவில் சுரூபங்களுக்கும் கடைப் பெயர்ப்பலகைகளுக்கும் பெயிண்ட் அடிப்பது தொழில். கன்வஸ் துணியிலும் படம் வரைவேன். ஓலைத்தொடுவாயில் அந்த வீட்டுக்கு என்னைக் கூப்பிட்டது அதற்குத்தான். சூசைதாசன் பாரிசவாதத்தில் விழுந்து பேச்சை இழந்திருந்தார். அவருடைய வள்ளமும் கைமாறிப் போயிற்று. அதற்குப் பிறகு மனிதர் சுவர்ப் பக்கம் திரும்பியே கிடந்தார். ஊட்டிய சோற்றையும் துப்பினார்.

"வள்ளத்தைக் கண்டாலாவது இந்தப் பக்கம் திரும்புவார் அண்ணை. கால்மாட்டில மாட்ட ஒரு படம் கீறித் தாங்கோ," என்று திரேசம்மா கேட்டிருந்தார்.

அந்தோனிக்கு டின்னை விட மனமில்லை. "எங்கட வள்ளத்துக்கு எப்பவும் இதுதான் அடிக்கிறது. கடலில கழராத பெயிண்ட் சுவரில கழருமோ?"

எங்கள் கரையில் எல்லாருக்கும் இந்த நம்பிக்கை உண்டு. உப்புத் தண்ணீருக்குத் தாங்கியது எதற்கும் தாங்கும் என்பார்கள்.

"தம்பி, இது பலகை இல்லை, துணி. ஈரத்துக்குத் தளரும், வெயிலுக்கு இறுகும். இனாமல் காய்ஞ்சால் முட்டைக்கோது மாதிரி. துணி அசைய வெடிச்சுப்போகும். மணமும் அண்ணனுக்கு ஆகாது."

"அப்ப ஒயில் பெயிண்ட்?"

"துணிக்கு நல்லதுதான். ஆனா காய நாள் எடுக்கும், அதைக் கரைக்கிற டர்பன்டைனும் மணக்கும். இந்த அறைக்குத் தண்ணியில கரையிற அக்ரிலிக்தான் சரி."

"தண்ணிப் பெயிண்டில வள்ளமோ! மாதாவே, கரையிலயே மூழ்கிப்போகும்."

சிலுவை அடையாளம் போட்டுக்கொண்டு தொடங்கினேன். ஜெசோ என்கிற வெள்ளை அடிப்பூச்சைப் பூசிக் காயவிட்டேன். டின் மூடியில் இருந்த நீலத்தைப் பார்த்து அக்ரிலிக்கைக் கலந்தேன். அக்ரிலிக் காய்ந்தால் கொஞ்சம் கறுக்கும். ஆகவே துண்டுத் துணியில் பூசி, காய்ந்த பிறகே ஒப்பிட வேண்டும். அப்படிச் செய்ததில் நீலம் அச்சொட்டாக வந்தது. அந்தோனி அடையாளம் சொல்லச் சொல்ல வள்ளத்தை வரைந்து முடித்ததும் அவரே மெச்சினார்.

படத்தைக் கால்மாட்டில் பிடித்தோம். திரேசம்மா கணவரின் முகத்தைத் திருப்பிவிட்டார். சூசைதாசன் பார்த்தார். இல்லை என்று தலையை ஆட்டிவிட்டு மறுபடி சுவருக்குத் திரும்பினார்.

திரேசம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார். மனதுக்குள் மாதாவை மன்றாடினேன். பிறகு கேட்டேன்.

"தங்கச்சி, இவர் கடைசியாய்த் தொழிலுக்குப் போகேக்க வள்ளம் எப்பிடி இருந்தது?"

"அப்ப எங்க அண்ணை நீலம்? வெயிலில வெளிறி, உப்புப் பூத்து... புதுசாய் அடிக்கத்தான் இந்த டின்னை வாங்கினவர். அதுக்குள்ள விழுந்திட்டார்."

அக்ரிலிக் கெதியில் காய்வது அப்போது உதவியது. அதன் மேலேயே வெள்ளையும் சாம்பலும் தண்ணீராய்க் கரைத்துப் பூசி, ஈரத் துணியால் ஒற்றி எடுத்தேன். மினுக்கம் இல்லாமல் நீலம் வெளிறி வந்தது.

மறுபடி பிடித்தோம். இம்முறை சூசைதாசன் முகத்தைத் திருப்பவில்லை. இயங்கக்கூடிய இடது கையைத் தூக்கி, வள்ளத்தின் முன்பக்கத்தைச் சுட்டி ஏதோ முனகினார்.

அந்தோனி சத்தமாய்ச் சிரித்தார். "ஓமண்ணை, ஓம்! நங்கூரக் கயிறு உரஞ்சின இடம். பெயிண்டர் அதை விட்டிட்டார். குறை பிடிக்கிறீங்களோ?"

அந்த இடத்தில் நீலத்தைச் சுரண்டி மரநிறம் வைத்தேன். சூசைதாசன் கையைக் கீழே விட்டார். கண்ணை எடுக்கவில்லை. திரேசம்மா கஞ்சிக் கோப்பையோடு பக்கத்தில் இருந்து கரண்டியை நீட்டினார். சூசைதாசன் வள்ளத்தைப் பார்த்தபடியே வாயைத் திறந்தார்.

கன்வஸுக்கு எந்தப் பெயிண்ட் நல்லது என்று தொழில் பழகுகிறவர்கள் கேட்டால், கடைக்குப் போவதற்கு முன் படம் மாட்டப்போகும் அறைக்குள் போய்க் கொஞ்ச நேரம் இருங்கள் என்பேன். படத்தைப் பார்க்கப்போகிறவரின் பக்கத்தில் இருங்கள்.