பின்லாந்துக் கொலைகாரர்

எனக்கு ஒன்பது வயதாக இருந்தபோது, என் அம்மாவை ஒரு சினிமா நடிகர் கொல்லப் போகிறார் என்று உறுதியாக நம்பினேன். இந்த நம்பிக்கையை எனக்கு ஊட்டியவர் எங்களோடு இருந்த மாமா.

நாங்கள் டென்மார்க்கின் ஹொல்ஸ்டெப்ரோ நகரில் மூன்றாம் மாடியில் குடியிருந்தோம். மாமாவுக்கு இறைச்சித் தொழிற்சாலையில் வேலை. வேலை இல்லாத நேரமெல்லாம் படம். தமிழ்ப்படம் தீர்ந்துபோனால் நூலகத்தில் எந்த நாட்டுப் படம் கிடைத்தாலும் கொண்டுவந்து போடுவார். அப்படி ஒரு சனிக்கிழமை மத்தியானம் போட்ட டேனிஷ் படத்தில், கன்னம் ஒட்டி, கண்ணை இமைக்காமல் பார்க்கும் ஒரு நெட்டை மனிதர் வந்தார். ஒரு தாதியின் பின்னாலேயே நடந்து போய், மாடிப்படியில் வைத்து அவளுடைய கையைப் பிடித்தார். மாமா படத்தை நிறுத்தினார்.

“இது ஆரெண்டு தெரியுதோ? கொம்மா பாக்கிற கிழவன்!”

எனக்கும் தெரிந்தது. வீடு வீடாகப் போய் முதியவர்களைக் குளிப்பாட்டி, உடுத்தி, சாப்பாடு கொடுப்பது அம்மாவின் வேலை. முந்திய வாரம்தான் ஆற்றங்கரையில் அம்மா ஒரு கிழவரைச் சக்கர நாற்காலியில் வைத்துத் தள்ளிக்கொண்டு போனதை நானும் மாமாவும் சற்றுத் தள்ளி நின்று கண்டிருந்தோம். அதே ஒட்டிய கன்னம், அதே கண்.

மாமா அறிந்ததையும் அறியாததையும் கலந்து சொன்னார். ஆள் பின்லாந்துக்காரர். இளவயதில் ஒரு படத்துக்காக டென்மார்க் வந்து, இங்கேயே கல்யாணம் செய்து தங்கிவிட்டார். எத்தனை வருடம் இருந்தும் அவருடைய டேனிஷ் பேச்சை விட்டுப் பின்லாந்து உச்சரிப்புப் போகவில்லை. ஆகவே டாக்டர், காதலன், குடும்பத் தலைவன் போன்ற வேடங்கள் ஒன்றும் அவருக்குக் கிடைக்கவில்லை. கடத்தல்காரன், உளவாளி, கூலிக்குக் கொலை செய்பவன், இவைதான் கிடைத்தன. “நாப்பது வருசமா ஒரு படத்திலயும் இந்தாள் உயிரோட வீடு போய்ச் சேரேல்லை” என்றார் மாமா, ஏதோ சொந்தக்காரரைப் பற்றிச் சொல்வதுபோலப் பெருமையாக.

எனக்கு அந்தச் சாவுகள் ஆறுதலாக இல்லை. செத்துச் செத்து எழும்பி வருகிறவரை யார் என்ன செய்ய முடியும்?

அன்றே அம்மாவிடம் கேட்டேன், டேனிஷில்: அந்த நடிகர் உங்களை என்ன செய்வார்? அம்மாவின் முகம் வெளிறியது.

“அந்த வீட்டுக் கதை இங்க கதைக்கக்கூடாது பிள்ளை. கதைச்சால் எனக்குத்தான் ஆபத்து.”

வேறொன்றுமில்லை. வேலைக்குப் போகும் வீடுகளில் கண்டதையும் கேட்டதையும் வெளியில் சொல்வதில்லை என்று அம்மா ஒரு கடதாசியில் கையெழுத்து வைத்திருந்தார். கூட வேலை செய்தவர்களும் வைத்தவர்கள்தான்; அவர்கள் வீட்டில் நாலு கதை சொல்லிச் சிரிப்பார்கள். அம்மாவுக்கோ கையெழுத்து வைத்த கடதாசி என்றால் சிம்மசொப்பனம். அகதியாக வந்தவர், ஒரு கடதாசியில் பிழை வந்தால் என்ன நடக்கும் என்று கண்டவர். அப்பாவிடம்கூட ஒரு பெயர் சொன்னதில்லை. இதொன்றும் எனக்கு அப்போது தெரியாது. அம்மா பயப்படுகிறார், வாய் திறந்தால் ஆபத்து என்கிறார், அவ்வளவுதான் தெரியும்.

அதற்குப் பிறகு காலை ஏழு மணிக்கு அம்மா சைக்கிளை எடுக்கும் சத்தம் கேட்டாலே ஜன்னலுக்கு ஓடி, அவர் தெருமுனை திரும்பும்வரை பார்த்து நிற்பேன். பள்ளியில் கணக்கு ஓடாது. பள்ளி விட்டதும் ஓடிவந்து, அம்மாவின் சப்பாத்து வாசலில் இருக்கிறதா என்று பார்ப்பேன். இருந்தால்தான் மூச்சு வரும்.

பிறகு ஒருநாள் சமைக்கும்போது அம்மா சட்டைக் கையை மடித்தார். முழங்கைக்கு மேலே ஐந்து விரலும் நீலமாகப் பதிந்திருந்தன. யார் செய்தது என்று கேட்டேன். சட்டையை இழுத்து மூடிக்கொண்டு, “ஒண்டுமில்லை, நீ போய்ப் படி” என்றார்.

மறுநாள் வகுப்பாசிரியையிடம் போய் அழுது எல்லாவற்றையும் கொட்டினேன். அம்மா பார்க்கிற பின்லாந்து நடிகர் அம்மாவின் கையை நெரிக்கிறார்; வெளியே சொன்னால் ஆபத்து என்று மிரட்டி வைத்திருக்கிறார்.

டென்மார்க்கில் ஒரு பிள்ளை அழுது சொன்னால் சும்மா விடமாட்டார்கள். திங்கட்கிழமை அம்மாவை வேலையிடத்தில் கூப்பிட்டார்கள். கிழவரை விட்டுவிட்டு முதலில் அம்மாவைத்தான் குடைந்தார்கள். நீ யாரைப் பராமரிக்கிறாய் என்று உன் பிள்ளைக்கு எப்படித் தெரியும்? வீட்டில் என்னென்ன கதைத்தாய்? வேலை போகலாம் என்றும் சொன்னார்களாம். வீடு வந்த அம்மா கோட்டைக்கூடக் கழற்றாமல் கதிரையில் இருந்தார். மாமா தலையைக் குனிந்துகொண்டு அறைக்குள் போய்விட்டார். நான் கொலைப் பயத்தை மறந்து, என்னால்தான் அம்மாவின் வேலை போகிறது என்ற புதுப் பயத்தில் நடுங்கத் தொடங்கினேன்.

மூன்றாம் நாள் அம்மாவின் மேலதிகாரி வீட்டுக்கே வந்தார். உயரமான டேனிஷ் பெண். என்னையும் அம்மாவுக்குப் பக்கத்தில் இருத்தி, இனி ஒருவரும் பயப்படத் தேவையில்லை என்றார். பிள்ளைக்கு எப்படித் தெரிந்தது என்று விளங்காவிட்டால் அம்மாவின் வேலை போகும் என்று சொல்லிக் கிழவரை விசாரித்தார்களாம். எல்லாவற்றையும் அவரே ஒப்புக்கொண்டாராம். கோபத்தில் கையை நெரித்தது தான்தான். வெளியே சொன்னால் பார்த்துக்கொள்கிறேன் என்று மிரட்டியதும் தான்தான். ஆற்றங்கரையில் பிள்ளையைக் கூப்பிட்டு, தான் யாரென்று சொல்லிப் பயமுறுத்தியதும் தான்தான். அம்மா யாரிடமும் ஒன்றும் சொல்லவில்லை என்றாராம். கிழவர் கண்ணை இமைக்காமல் அதைச் சொன்ன விதத்தில் தனக்கே உடம்பு சில்லிட்டது என்றார் மேலதிகாரி.

ஆற்றங்கரையில் அவர் என்னைக் கூப்பிடவேயில்லை. ஆனால் எனக்குச் சாதகமான பொய்யை நான் ஏன் திருத்த வேண்டும்? வாயை மூடிக்கொண்டேன். அம்மாதான், “இல்லை, அவர் அப்படி…” என்று டேனிஷில் தொடங்கினார். மேலதிகாரி அம்மாவின் கையைத் தட்டிக்கொடுத்து, இனி அவரைக் காப்பாற்ற வேண்டியதில்லை என்றார். அம்மாவின் வேலைக்கு ஒன்றும் வராது. அந்த வீட்டுக்கு இனி இரண்டு ஆண்கள் சேர்ந்துதான் போவார்கள்.

நடந்ததை அம்மா என்னிடம் சொன்னது பல வருடங்கள் கழித்து, கிழவரும் இறந்து, அம்மாவும் அந்த வேலையை விட்ட பிறகு. குளியலறையில் அவருக்குக் கால் வழுக்கியிருக்கிறது. “நான்தான் கையை நீட்டி, இறுக்கிப் பிடியுங்கோ எண்டனான்” என்றார்.

அன்று மேலதிகாரி கதவைச் சாத்திக்கொண்டு போனதும் அம்மா முகத்தைப் பொத்திக்கொண்டு விக்கி விக்கி அழுதார். பயம் தெளிந்து அழுகிறார் என்று நினைத்தேன். கழுத்தைக் கட்டிக்கொண்டு, “அழாதேங்கோ அம்மா, இனி அந்தாள் உங்களைத் தொடமாட்டான்” என்றேன்.