ஈர விறகுக்குப் போட்ட கதைகள்

சலவைக்கூடத்தில் எல்லோருக்கும் அவர் பாய்லர்காரர். அவர் மனைவி அதே கூடத்தில், சுவருக்கு இந்தப் பக்கம், ஆவி இஸ்திரிப் பெட்டியோடு மல்லுக்கட்டுகிறவள். அவர் தீ மூட்டினால்தான் இவள் பெட்டி சுடும். பெட்டி ஆறினால் இவள் சுவரைத் தட்டுவாள். அவர் பதிலுக்குத் தட்டுவார். புருஷன் பெண்டாட்டிக்குள் இவ்வளவு ஒழுங்கான பேச்சுவார்த்தை வேறு எந்த வீட்டில் நடக்கிறது என்று மற்ற இஸ்திரிக்காரிகள் கேலி செய்வார்கள்.

முதலாளி விறகில் மிச்சம் பிடிக்கிற ஆள். மலிவாகக் கிடைத்ததென்று ஈர விறகை இறக்கிவிட்டு, எரியாவிட்டால் பாய்லர்காரரைத் திட்டுவார். அப்படி ஒரு மழை நாளில், புகை கண்ணைக் கரிக்க, உலைக்கதவைத் திறந்து வைத்துக்கொண்டு அவர் தனக்குத்தானே பேசிக்கொண்டிருந்தார். இளவட்டத்தில் கோபித்துக்கொண்டு வீட்டை விட்டு ஓடி, பசி தாங்காமல் அன்று மாலையே திரும்பி வந்த கதை. சொல்லச் சொல்ல விறகு பற்றிக்கொண்டது. முடித்தபோது திகுதிகுவென்று எரிந்தது. அன்று வீட்டில் சாப்பாடு தாமதமாக, அவர் முணுமுணுத்தார். மறுபடியும் ஓடிப்போகப் போறீங்களா என்று இவள் சீண்டினாள். அவர் விழித்தார்.

"நான் எப்ப ஓடிப்போனேன்?"

அந்தத் தீ கதையைத் தின்கிறது என்பது இருவருக்கும் புரிய நாளாயிற்று. பொய் சொன்னால் வெறும் புகை. கேள்விப்பட்ட கதைக்கு அது அசையாது. தான் பட்டதை முழுதாகச் சொல்ல வேண்டும். சொல்லி முடித்தால் சூடு உண்டு, கதை போயே போச்சு. முதலாளிக்கு இதெல்லாம் தெரியும். தெரியாத மாதிரி இருக்கவும் தெரியும். சூடு குறைந்தால் வேறு ஆள் பார்த்துக்கொள்கிறேன், அறையைக் காலி பண்ணுங்கள் என்பார். அவர்கள் குடியிருந்த அறையும் அந்தப் புண்ணியவானுடையதுதான்.

முதலில் வேண்டாத கதைகளைப் போட்டார். மச்சினனோடு கட்டிப் புரண்ட சண்டை அடுப்புக்குப் போயிற்று. அடுத்த முறை மச்சினன் வந்தபோது அவர் ஓடிப்போய்க் கட்டிக்கொள்ள, பழைய கணக்கைத் தீர்க்க வந்த அந்த மனுஷன் பேயறைந்ததுபோல் நின்றான். இவள் வயிறு வலிக்கச் சிரித்தாள். அந்தச் சிரிப்பு ரொம்ப நாள் நிற்கவில்லை. இன்னொரு மழையில் அவர்கள் கல்யாணம் போயிற்று. நம்முடையது பெரியவர்கள் பார்த்து வைத்ததா, நாமாகப் பண்ணிக்கொண்டதா என்று ஒருநாள் மரியாதையாகக் கேட்டார். இவள் ஆதியிலிருந்து சொன்னாள். பக்கத்து வீட்டுக் கல்யாணத்தைக் கேட்பதுபோல் தலையாட்டிக் கேட்டுக்கொண்டார். அன்று அவரை அறைய வேண்டும்போல் இருந்தது.

பிறகு மகள். காய்ச்சலில் சின்ன வயதிலேயே போய்விட்ட ஒரே மகள். செருப்பை இடம் வலம் மாற்றிப் போட்டுக்கொண்டு, ரெண்டும் கோவிச்சுக்கிச்சு, அதான் முகத்தைத் திருப்பிக்கிச்சு என்று சொன்ன வாயாடி. அந்தச் செருப்புக் கதையும் எரிந்தது. அதெல்லாம் தன்னிடமும் இருக்கிறது, போனால் போகட்டும் என்று இவள் பல்லைக் கடித்துக்கொண்டாள். அவரிடம் மட்டும் இருந்தது ஒன்று: மகள் இறந்த பிற்பகல். ஆஸ்பத்திரியில் பக்கத்தில் இருந்தவர் அவர். இவள் இங்கே போர்வை தேய்த்துக்கொண்டிருந்தாள். அவசர வேலை, முடித்துவிட்டுப் போ என்றார் முதலாளி. இவளும் முடித்துவிட்டுத்தான் போனாள். அதற்காக இவள் தன்னை மன்னித்ததே இல்லை. மகள் கடைசியில் உன்னைப் பற்றித்தான் பேசினாள் என்று அவர் ஆரம்பிக்கும்போதெல்லாம் காதைப் பொத்திக்கொள்வாள். தாங்குகிற தெம்பு வரட்டும், கேட்கிறேன் என்பாள். வருஷங்கள் வந்தன, தெம்பு வரவில்லை.

இந்த மழைக்கு அவர் கையை விரித்துவிட்டார்.

"இனிமே போடறதுக்கு அந்த மத்தியானம் மட்டுந்தான் இருக்கு. நான் என்ன பண்ணட்டும்?"

வேலையை விட்டுவிடலாம் என்று சொல்ல இவளுக்கு வாய் வரவில்லை. தெருவில் நிற்க யாருக்குத்தான் துணிச்சல் வரும்? அதற்குப் பதில் ஒரு யோசனை வந்தது. அந்த உலையோடு இத்தனை காலம் பட்ட பாடும் அவர் பட்டதுதானே? உலையின் கதையையே உலைக்குப் போட்டால் என்ன? அவர் இவளைப் பெருமையோடு பார்த்தார். மறுநாள் முழுவதையும் சொன்னார். அப்படி ஒரு தீயை அந்தக் கூடம் கண்டதில்லை. முதலாளிகூடச் சிரித்தார். ஏமாற்றிவிட்டோம் என்று இவள் பூரித்துப்போனாள்.

அன்று மாலை, உலைக்கு முன்னால் வாயைத் திறக்காதீர்கள் என்று அவரிடம் சொன்னாள். அவர் விழுந்து விழுந்து சிரித்தார். நெருப்பு கதை தின்னுமா, நல்லா இருக்கே என்றார். இவள் அழுத பிறகு, சரி சரி என்றார், பூச்சாண்டிக்குப் பயப்படும் பிள்ளையைச் சமாதானப்படுத்துகிற 'சரி'. இனித் தள்ளிப்போடக் கூடாது என்று இவளுக்கு அப்போதுதான் உறைத்தது.

"நாளைக்குச் சாயங்காலம் சொல்லுங்க. அவ கடைசியா என்ன சொன்னா, எல்லாத்தையும். நான் கேட்டுக்கறேன்."

அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு தலையசைத்தார். அப்போதே கேட்டிருக்கலாம். இன்னும் ஒரே ஒரு நாள் பயந்தாள், பாவி.

மறுநாள் காலை முழுக்கப் பெட்டி வெதுவெதுவென்றே இருந்தது. சாப்பாட்டு நேரம் நெருங்குகையில் திடீரென்று சீறியது. கூடம் முழுக்க எல்லாப் பெட்டியும் சீறியது. மற்ற பெண்கள் அப்பாடா என்றார்கள். இவள் பெட்டியை அப்படியே போட்டுவிட்டு ஓடினாள். அவர் திறந்த உலைக்கதவுக்கு முன்னால், குளித்துவிட்டு வந்தவர்போல் தெளிந்த முகத்தோடு உட்கார்ந்திருந்தார்.

"என்ன பண்ணீங்க?"

"ஒண்ணும் பண்ணலையே. சாயங்காலம் உன்கிட்ட எதையோ சொல்லணும்னு இருந்துச்சு. உனக்கு வலிக்காம எப்படிச் சொல்றதுன்னு ஒருதடவை சொல்லிப் பாத்தேன்."

"எதை?"

"அதான் வர மாட்டேங்குது. நீதானே கேட்ட? நீயே சொல்லேன்."

இவள் அவரை அடிக்கவில்லை, அழவும் இல்லை. சொல்லிப் பார்த்ததுகூட இவளுக்கு வலிக்கக் கூடாதென்றுதான். அந்த நல்ல மனசை வைத்துக்கொண்டு என்ன செய்ய? நல்ல சூடு இருக்கும்போதே ஆஸ்பத்திரிப் போர்வைகளை முடியுங்கள் என்று முதலாளி அந்தப் பக்கத்திலிருந்து குரல் கொடுத்தார். இவள் திரும்பிப் போய்ப் பெட்டியைக் கையில் எடுத்தாள். மகள் தன்னைப் பற்றி என்ன சொன்னாளோ, அது இப்போது இந்தச் சூட்டில்தான் இருக்கிறது. ஆறுவதற்குள் எத்தனை முடியுமோ அத்தனை போர்வைகளையும் தேய்த்து மடித்து வைத்தாள்.