மிசாகோ கேட்ட கேள்வி

ஜப்பானிலிருந்து ஷார்ஜா தொழிற்பேட்டைக்கு வரும் பழைய கார்களைப் பிரித்து உதிரிபாகம் எடுப்பது பாலகுருவுக்கு வேலை. 2006இல் ஒரு காரின் சீட்டுக்கடியில் அவனுக்கு ஒரு சிடி கிடைத்தது. அட்டையில் குடை பிடித்த ஒரு பெண். பக்கத்து கம்ப்யூட்டர் கடை சாகிர் அதைப் பார்த்துவிட்டுச் சிரித்தான்.

"அண்ணே, இது பெரியவங்க கேம். படம் பாத்துக்கிட்டே கதை படிக்கணும். நடுவுல ஒரு மாதிரி சீனெல்லாம் வரும். ஆனா கதை நல்லாருக்குமாம்."

யாரோ ரசிகர்கள் நெட்டில் போட்டிருந்த ஆங்கில மொழிபெயர்ப்பைத் தேடியெடுத்து, பழைய கம்ப்யூட்டர் ஒன்றில் ஏற்றிக் கொடுத்தான்.

வெள்ளிக்கிழமை லீவில் ரூம்காரர்கள் ரோலா கடைத்தெருவுக்குக் கிளம்பியதும் பாலகுரு உட்காருவான். அந்த மாதிரி சீன் வந்தால் கூச்சப்பட்டுத் தள்ளிவிடுவான். அவனைப் பிடித்துவைத்தது மிசாகோதான். நாற்பதை நெருங்கும் விதவை, சின்னச் சாப்பாட்டுக்கடை நடத்துகிறாள். கதாநாயகன் வேலை முடிந்து வந்ததும், "வந்துட்டீங்களா? இன்னைக்கு எப்படி இருந்துச்சு?" என்பாள். ஆசையை வாய்விட்டுச் சொல்லமாட்டாள். மீனில் முள்ளெடுத்து வைப்பாள், நனைந்த கோட்டை உலர்த்துவாள். அந்த ஊர் வழக்கம் போலிருக்கிறது. நம்ம ஊரும் அப்படித்தானே என்று நினைத்துக்கொண்டான்.

அவள் கேள்விக்கு மூன்று பதில்களில் ஒன்றைத் தேர்ந்தெடுக்க வேண்டும். பாலகுரு எப்போதும் 'ஒன்றுமில்லை' என்பதையே அழுத்தினான். மூன்று தடவை ஆடியும் மிசாகோ கடையை மூடிவிட்டு ரயிலேறிப் போய்விட்டாள். நாலாவது தடவை, 'உன்னை நினைத்துக்கொண்டிருந்தேன்' என்பதை அழுத்தினான். மிசாகோ அந்தப் பக்கம் திரும்பிக் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அப்புறம் அவள் எங்கேயும் போகவில்லை.

மறுவாரம் பரமக்குடிக்குப் போன் போட்டான். பிள்ளையின் காய்ச்சல், மழை எல்லாம் சொல்லி முடித்து மனைவி அருணா, "வேற ஒண்ணுமில்லையே?" என்றாள்.

"இருக்கு. வாரம் பூரா ஒன் நெனப்பாவே இருந்துச்சு."

"குடிச்சிருக்கீகளா?"

"சத்தியமா இல்ல."

"அப்ப இன்னொரு தடவ சொல்லுங்க."

சொன்னான். போன் கார்டில் காசு தீர்ந்து லைன் அறுந்தது. ஓடிப்போய் இன்னொரு கார்டு வாங்கிவந்தான்.

2008இல் லீவில் ஊருக்குப் போனபோது, தள்ளிவிட்ட சீன்கள் உட்பட எல்லாவற்றையும் அருணாவிடம் ஒளிக்காமல் சொன்னான். அவள் முறைத்தாள். பிறகு அவன் பக்கத்தில் நகர்ந்து உட்கார்ந்தாள்.

"ஊருக்கே ஆக்கிப் போடுறாளே அந்த மிசாகோ, அவ சாப்பிட்டாளான்னு யாராச்சும் கேட்டாகளா?"

பாலகுரு யோசித்துப் பார்த்தான். கேட்டதாக நினைவில்லை.

"நீ சாப்பிட்டியா?" என்றான்.