இரண்டு சம்பளமும் ஓர் எக்ஸும்

இரண்டு வேலைகளில் எது மேல் என்று சமன்பாடு போட்டுச் சொல்வது, மனிதர்களின் ஆசையை நிறுத்துப் பார்க்கிற தொழில். ஓய்வுபெற்ற கணக்கு டீச்சரான நான், ஹட்டனில் ஒரு போட்டோகொப்பிக் கடை மூலையில் உட்கார்ந்து அதைச் செய்கிறேன். பிள்ளைகளைக் கொழும்புக்கு ரயிலேற்றிவிட்டுப் போனையே பார்த்திருக்கும் உங்களுக்கு என் நிலைமை விளங்கும். பதினொரு வருஷமாக அங்கே ஃபிரிட்ஜ் விற்கும் என் மகள் நிர்மலாவை, போன மாதம் ஹட்டன் கடையொன்றும் வேலைக்குக் கூப்பிட்டது. “ரெண்டையும் கணக்குப் பார்த்து அனுப்புங்கம்மா, ஞாயிற்றுக்கிழமை பேசுறேன்” என்றிருந்தாள்.

கழிவு

அந்த வாரம் வட்டகொடையிலிருந்து லெட்சுமி வந்தார். தோட்டத்தில் தேயிலைக் கொழுந்து பறிப்பவர். இரண்டு புடவைக் கடைகள் கூப்பிட்டிருந்தன. ஒன்றில் சம்பளம் மட்டும். மற்றதில் சம்பளம் குறைவு, விற்பதில் நூற்றுக்கு நாலு கமிஷன். எழுதி முடித்ததும், “மழைக்கு எவ்வளவு கழிப்பாங்க?” என்று கேட்டார். தோட்டத்தில் ஈரக் கொழுந்தென்று நிறுவையில் கிலோ கழிப்பார்கள். கடையில் அதெல்லாம் இல்லை, விற்ற புடவைக்கெல்லாம் கமிஷன் உண்டு என்றேன். அவர் நம்பவில்லை.

“கழிக்காத தராசு எங்கங்க டீச்சர் இருக்கு? நீங்க பாட்டுக்கு ஒரு ரெண்டு கிலோ கழிச்சே எழுதுங்க.”

எக்ஸ்

மறுநாள் திம்புள்ளையிலிருந்து செபமாலை வந்தார். நாற்பது வயது. போன் விற்கும் வேலைக்கு இரண்டு கடைகள் கூப்பிட்டிருந்தன. மாதம் எவ்வளவு விற்பார் என்று தெரியாததால் அதை எக்ஸ் என்று எழுதினேன். தெரியாத ஒன்றுக்கு ஓர் எழுத்தைப் பேராக வைத்துவிட்டால் பாதிப் பயம் போய்விடும் என்று நம்பி வாழ்ந்தவள் நான். அவர் தாளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். எக்ஸ் எவ்வளவு என்றார். அது உங்கள் கையில்தான் இருக்கிறது என்றேன்.

“என் கையில இருந்தா நான் எதுக்குங்க டீச்சர் பஸ் ஏறி உங்ககிட்ட வர்றேன்?”

ஞாயிற்றுக்கிழமை

நிர்மலாவின் கணக்கைக் கடைசியாக எடுத்தேன். கொழும்பில் சம்பளம் நாற்பதாயிரம், கமிஷன் நூற்றுக்கு ஐந்து. ஹட்டனில் ஐம்பத்தையாயிரம், நூற்றுக்கு இரண்டு. கொழும்புப் பக்கம் அறை வாடகை பதினையாயிரத்தைக் கழித்தேன். மாதம் பத்து லட்சத்துக்கு மேல் விற்றால் கொழும்புதான் மேல் என்று வந்தது. அவள் விற்பது பன்னிரண்டு லட்சம்.

எதிரே மலை தெரியவில்லை. பனி கடை வாசல்வரை வந்து நின்றிருந்தது. வாடகையை இன்னொரு தரம் கழித்தேன். பத்து லட்சம் பதினைந்தானது. ஹட்டன் ஜெயித்தது. தாளைப் படமெடுத்து அனுப்பிவிட்டு, அன்றைக்கே அவள் கட்டிலுக்குப் புது மெத்தையுறை தைக்கக் கொடுத்தேன்.

ஞாயிறு காலை போன் வந்தது. அவளுக்குப் பின்னால் கடலோர ரயில் போகும் சத்தம் கேட்டது.

“வாடகைய ரெண்டு தரம் கழிச்சிருக்கீங்களேம்மா.”

“வயசாச்சில்ல. கண்ணு தெரியல.”

“கண்ணெல்லாம் நல்லாத்தான் தெரியுது. நான் இங்கேயே இருக்கேம்மா. பொங்கலுக்கு ரெண்டு நாள் கூடுதலா லீவு போட்டுட்டு வர்றேன், அழாதீங்க.”

தப்பைக் கண்டுபிடிக்கிற அளவுக்கு அவளுக்குக் கணக்குச் சொல்லிக்கொடுத்தது யாரென்று விசாரித்தால், அந்தக் குற்றமும் என் தலையில்தான் விழும்.