யானைச்சுவடி பறித்தவர்களுக்குக் காவல் நின்றேன்

மருந்துச்செடி பறிக்கிறவர்களுக்குக் கண் முழுக்க வேரின் மேலேயே இருப்பதால், அவர்களுக்கும் சேர்த்துப் பயப்பட ஒரு ஆள் வேண்டும்; அந்த ஆள் நான்தான்.

கதவைச் சாத்திவிட்டு வந்து படுத்த பிறகு, சாத்தினோமா என்று எழுந்து போய்ப் பார்க்கிறவரா நீங்கள்? பஸ்ஸில் டிக்கெட்டை வாங்கிப் பையில் வைத்துவிட்டு, இறங்கும்வரை பையைத் தொட்டுத் தொட்டுப் பார்க்கிறவரா? அப்படியென்றால் வாருங்கள், நீங்களும் நம் கூட்டம்தான். நம் கூட்டத்துக்கு வேலை கிடைப்பது அரிது. எனக்குக் கிடைத்தது.

எழுபதுகளின் நடுவில் ஒரு வருஷம் மழை ஏமாற்றிவிட்டது. மலையாள தேசத்து எல்லையில், கொழிஞ்சாம்பாறைப் பக்கம் எங்கள் தோட்டத்தில் நிலக்கடலை பூவோடு கருகியது. அப்போது நாச்சிமுத்தண்ணன் என்கிற காண்டிராக்டர் காட்டிலாகா ரேஞ்ச் ஆபீசில் பாஸ் வாங்கி, முதலமடைக்கு அந்தப்பக்கம் தென்மலை அடிவாரத்தில் செடி பறிக்க ஆள் சேர்த்தார். என் மனைவி மயிலாத்தா என்னிடம் ஒரு வார்த்தை கேட்காமல் பேர் கொடுத்துவிட்டாள். அவளைத் தனியாக அனுப்பப் பயந்து நானும் போனேன். போன பிறகு பயம் இரண்டாயிற்று.

ஆள் எடுத்த விதம்

யானைச்சுவடியை நீங்கள் பார்த்திருப்பீர்கள், பார்க்காமல் மிதித்தும் போயிருப்பீர்கள். மரநிழலில் இலைகளைத் தரையோடு தரையாகப் பரப்பிக்கொண்டு படுத்திருக்கும். ஐப்பசி வாக்கில் நடுவிலிருந்து ஒரு தண்டு எழும்பி, உச்சியில் சின்னதாக ஊதாப்பூ வைக்கும். மருந்துக்கு வேரோடு முழுச்செடியாக வேண்டும். அந்த வேரோ பிடித்த பிடியை லேசில் விடாது. குந்தி உட்கார்ந்து, களைக்கொத்தால் சுற்றிலும் கீறி, பதமாக நெம்பி எடுக்கவேண்டும். அப்படிக் குனிந்திருக்கிறவளுக்குப் பின்னால் யார் வந்து நின்றாலும் தெரியாது. அந்த மலையில் வந்து நிற்கக்கூடியவரின் பேரைக் காட்டுக்குள் யாரும் சொல்லமாட்டார்கள். 'பெரியவர்' என்பார்கள். அதனாலேயே செடியையும் பாதிப் பேரில் 'சுவடி' என்றுதான் கூப்பிடுவார்கள்.

ஆகவே ஒருவர் மட்டும் பறிக்காமல், கையில் காலி மண்ணெண்ணெய் டின்னும் அதைத் தட்டக் குச்சியுமாக நிற்கவேண்டும். டின் சத்தம் கேட்டால் மற்றவர்கள் போட்டது போட்டபடி, திரும்பிப் பார்க்காமல், மேட்டிலிருக்கும் பெரிய பாறைக்கு ஓடவேண்டும். அதுதான் சட்டம். அதுவரை காவல் நின்றவர், நாலு தடவை பெரியவரைப் பார்த்துப் பழகிப்போய், உட்கார்ந்து பீடி பிடிக்க ஆரம்பித்திருந்தார். நான் போன முதல் நாள், எனக்குப் பின்னால் ஒரு தேக்கிலை விழுந்தது. அது தரையைத் தொடுவதற்குள் நான் பாறை மேல் இருந்தேன். பெண்கள் எல்லாரும் சிரித்தார்கள், மயிலாத்தா உள்பட. சிரிக்காதவர் ராமாத்தக்கா ஒருத்தர்தான். பறிக்கிற பெண்களுக்கு அவர்தான் தலைவி. காண்டிராக்டரைக் கூப்பிட்டு என்னைக் காட்டிச் சொன்னார்: "ஏனுங்ணா, இனிமே இந்தத் தம்பியவே நிறுத்துங்க. பயம் போனவன வெச்சுக்கிட்டு நாம என்ன பண்றதுங்க?"

முருகனுக்கு விண்ணப்பம்

நின்று பார்த்தவர்களுக்குத்தான் தெரியும், சும்மா நிற்பது எவ்வளவு கொடுமை என்று. பறிக்கிறவளுக்குக் கையில் வேலை இருக்கிறது. எனக்கு இருந்தது மூங்கில் புதர் மட்டும். அதையே உற்றுப் பார்த்தால் அதற்குள் ஒரு கண் தெரியும். கண்ணை எடுத்தால் முதுகு கூசும். முதல் நாளிலிருந்தே என்னை அறியாமல் முருகா, முருகா என்று முனக ஆரம்பித்தேன். மெதுவாகத்தான் சொன்னதாக நினைப்பு. ஆனால் அந்த அமைதியில் அது நன்றாகவே கேட்டிருக்கிறது. காலையில் காட்டுக்குள் நுழைவதிலிருந்து சாயங்காலம் வண்டிப்பாதைக்கு வரும்வரை ஓயமாட்டேன்.

எனக்கு நிஜமாகவே பயமாக இருந்தது. என்னைப் பற்றிக்கூட இல்லை. மயிலாத்தா எப்போதும் எல்லாரையும் விட்டு எட்டத்தில் போய்த்தான் உட்காருவாள். நல்ல செடி எங்கே இருட்டாக இருக்கிறதோ அங்கேதான் இருக்கும், அவளும் அங்கேதான் போவாள். அவளுக்கு ஏதாவது ஆனால் அதைப் பார்த்துக்கொண்டு நிற்கிற ஆளாக நான் இருப்பேனே என்பதுதான் என் பயம். இதையெல்லாம் எடுத்துச் சொல்லி, பக்கத்திலேயே இரு என்று கெஞ்சினேன். அவள் கூடையை இடுப்பில் மாற்றிக்கொண்டு சொன்னாள்: "ஏனுங்க, அந்த முருகன் ஒருக்கா நேர்ல வந்து என்னன்னு கேட்டுட்டுப் போனாத் தேவலைங்க. எங்களுக்குக் காதடைக்குது."

அறுந்த வேர்

டின்னை நான் தட்டாத நாள் குறைவு. மலையணில் கிளை விட்டுக் கிளை தாவியதற்குத் தட்டியிருக்கிறேன். கீழேயுள்ள குடியிருப்பிலிருந்து வழி தவறி வந்த எருமைக்குத் தட்டியிருக்கிறேன். ஒருநாள் என் நிழலுக்கே தட்டப் போய்க் கடைசி நேரத்தில் அடையாளம் தெரிந்து நிறுத்தினேன். ஒவ்வொரு தடவையும் பெண்கள் நெம்பிக்கொண்டிருந்த செடியைப் பிடுங்கிக்கொண்டு ஓடுவார்கள். செடி கையோடு வரும், வேர் மண்ணோடு நின்றுவிடும்.

சாக்கு மூட்டைகள் போவது எங்கள் பக்கத்துச் சித்தூரில் ஒரு மருந்துக்கடைக்கு. கடைக்கார வைத்தியர் மலையாளி. எங்களோடு பழகிப் பழகித் தமிழ் பேசுவார். மூட்டையைக் கொட்டி, வேர் உள்ளதைத் தனியாகவும் அறுந்ததைத் தனியாகவும் ஒதுக்குவார். அறுந்தது அவருக்கு வேண்டாம், அது எங்களுக்கு நஷ்டம். காட்டுக்குள் அவர் ஒருநாளும் கால் வைத்ததில்லை. ஆனால் அறுந்த குவியலைப் பார்த்துவிட்டு, கண்ணாடிக்கு மேலாக என்னைப் பார்த்து, தடவையை வட்டமாக்கிக் கேட்பார்: "நேத்து எத்தனை வட்டம் ஓடி?"

தைரியசாலி

நஷ்டம் பொறுக்காமல் நாச்சிமுத்தண்ணன் ஆளை மாற்றினார். வடகரப்பதியிலிருந்து, மிலிட்டரியில் இருந்து திரும்பிய ஒருவர் வந்தார். சண்டையை நேரில் பார்த்தவர் என்றார்கள். டின்னை அவரிடம் கொடுத்துவிட்டுக் களைக்கொத்தை நான் வாங்கிக்கொண்டேன். குந்தி உட்கார்ந்து குனிந்தபோதுதான் தெரிந்தது, இந்தப் பெண்கள் தினமும் எதைச் செய்கிறார்கள் என்று. பிடரிக்குப் பின்னால் காடு முழுக்க நிற்கிற மாதிரி இருந்தது. நான் ஒரு செடி எடுப்பதற்குள் மயிலாத்தா ஒரு கூடை எடுத்துவிடுவாள்.

அவர் இருந்தவரை டின் ஒரு தடவையும் சத்தம் போடவில்லை. ஒரு வேரும் அறுபடவில்லை. காண்டிராக்டருக்கு வாயெல்லாம் பல். ஒருநாள் சாயங்காலம் திரும்பும் வழியில், நாங்கள் பறித்த இடத்துக்கு வெகு கிட்டத்தில், ஆவி அடங்காத சாணம் கிடந்தது. எல்லாரும் அப்படியே நின்றோம். ராமாத்தக்கா மெதுவாகத் திரும்பி, இது எப்போது என்று அவரிடம் கேட்டார். அவர் நிதானமாகச் சொன்னார்: "மத்தியானமே வந்துதுங்க, நாலஞ்சு உருப்படி. சும்மா மேஞ்சுட்டுப் போயிருச்சு. அதுக்குப் போயி உங்க வேலையக் கெடுப்பானேன்னு நான் சொல்லலீங்க."

மறுநாள் டின் என் கைக்கு வந்துவிட்டது.

ஓடை இறக்கம்

கார்த்திகை பிறந்த சமயம். காலைத் தூறல் விட்டு மரங்கள் சொட்டிக்கொண்டிருந்தன. மேட்டுச் செடிகள் தீர்ந்திருந்தன. ஓடை இறக்கத்து நிழலில் பாய் விரித்த மாதிரி சுவடி கிடப்பதை மயிலாத்தா முன்தினமே பார்த்து வைத்திருந்தாள். போகாதே என்றேன். போனாள். மற்றவர்கள் எனக்குப் பின்னால், பாறைக்குப் பக்கத்தில் இருந்தார்கள். எனக்கு முன்னால், கூப்பிட்டால் கேட்கிற தூரத்தில், குனிந்த அவள் முதுகு மட்டும் தெரிந்தது. அந்த முதுகைப் பார்த்தே முருகனைக் கூப்பிட்டுக்கொண்டிருந்தேன்.

மூங்கில் எதுவும் முறியவில்லை. எனக்கும் அவளுக்கும் நடுவில், அவளுக்கே பக்கமாக, ஒரு ஈரப்பாறை தெரிந்தது. சற்று முன் அங்கே பாறை இருந்ததா என்று யோசித்தேன். அது காதை ஆட்டியது.

குச்சியை ஓங்கிவிட்டேன். ஓங்கிய பிறகுதான் உறைத்தது. நான் தட்டினால் அவள் சட்டப்படி திரும்பிப் பார்க்காமல் மேட்டுப் பாறையை நோக்கி ஓடி வருவாள். அவள் ஓடி வருகிற வழியில்தான் அது நின்றது. கூப்பிட்டாலும் அதே கதிதான். என் கண் முன்னாலேயே அவளைப் பறிகொடுக்கப் போகிறேன் என்று நினைத்தேன். வாயில் முருகன் பேர்கூட வரவில்லை. ஓங்கிய கை அப்படியே நின்றது.

அப்போது மயிலாத்தாவின் கை நின்றது. மெல்லத் தலையைத் தூக்கித் திரும்பி என்னைப் பார்த்தாள். என் பார்வை போன இடத்துக்குத் தன் பார்வையைக் கொண்டுபோனாள். எழுந்திருக்கவில்லை. குந்தின வாக்கிலேயே விலகி நகர்ந்து நகர்ந்து ஓடைப் பள்ளத்துக்குள் இறங்கினாள். சேலை நுனியும் மறைந்தது. அது தும்பிக்கையைத் தூக்கிக் காற்றை மோந்தது. ஒரு மூங்கில் கிளையை ஒடித்து வாயில் போட்டுக்கொண்டு, வந்த மாதிரியே சத்தமில்லாமல் போயிற்று. ஓடை வழியாகவே சுற்றி அவள் மேட்டுப் பாறைக்குப் பின்னால் ஏறி வந்தபோது நான் இன்னும் குச்சியை ஓங்கியபடி நின்றிருந்தேன். நானும் அழுதேன், அவளும் அழுதாள். ராமாத்தக்கா என் விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்துக்கொண்டே சொன்னார்: "குடுங்க தம்பி, டின்னு கையோட ஒட்டிக்கிச்சாட்ட இருக்குது."

மறுநாள் கடையில்

அன்று மத்தியானமே அவள் அந்த ஓடை இறக்கத்துக்குத் திரும்பப் போய் மிச்சச் செடியையும் பறித்தாள் என்றால் நம்புவீர்களா? அது நின்ற இடத்துச் செடிகூட ஒன்றும் ஆகாமல்தான் கிடந்தது, ஏற்கெனவே தரையோடு படுத்திருப்பதை அதற்கு மேல் என்ன நசுக்குவது. இந்தத் தடவை அவள் முதுகோடு என் கால் ஒட்ட நான் நின்றேன். மறுநாள் வைத்தியர் மூட்டையைக் கொட்டிக் கிளறினார். அறுந்த குவியலே விழவில்லை. எல்லாம் முழு வேர், சிலதில் ஊதாப்பூ வாடாமல் இருந்தது. அவர் கண்ணாடியைக் கழற்றிவிட்டு, முதல்முறையாக என்னைப் பார்த்துச் சிரித்தார்: "நேத்து எல்லாரும் சுகமாயிட்டு இருந்து பறிச்சு, அல்லே?"

திரும்பும் பஸ்ஸில்

பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்திருந்த மயிலாத்தாவிடம், மனசில் கிடந்து உறுத்தியதைக் கேட்டேன். நான் தட்டவில்லை, கூப்பிடவில்லை, அதுவும் சத்தம் போடவில்லை. பிறகு எதற்காக நிமிர்ந்து பார்த்தாய் என்றேன். அவள் ஜன்னல் பக்கமே பார்த்துக்கொண்டு சொன்னாள்: "நீங்க முருகா முருகான்னு முனகீட்டு இருக்கறவரைக்கும் ஒண்ணுமில்லீன்னு நான் பாட்டுக்குப் பறிப்பனுங்க. நேத்து அது நின்னுபோச்சு. அதுதானுங்க எனக்குப் பயமாயிருச்சு."

காட்டுக்குப் போவதை விட்டு எத்தனையோ காலமாயிற்று, இன்றைக்கும் வீட்டில் நான் கொஞ்ச நேரம் நிம்மதியாகச் சும்மா உட்கார்ந்தால், அடுப்படியில் இருக்கிறவள் கரண்டியோடு ஓடிவந்து என்னைப் பார்த்துவிட்டு, அப்புறம் வாசலைப் பார்க்கிறாள்.