ஐந்தாம் நம்பர் வீடு

என் வீட்டுக்காரர் தேயிலைத் தோட்டத்தில் கொழுந்து லோரி ஓட்டினார். வருஷத்துக்கு ஒரு நாள், மாரியம்மன் திருவிழாவில், சயாமுக்குப் போவார். அவர் ஒருத்தராகவே ஆடுகிற நாடகம் அது. ஜப்பான்காரன் காலத்தில் சயாமில் ரயில்பாதை போட எங்கள் ஆட்களைப் பிடித்துக்கொண்டு போன கதை. எழுபதுகளில் ஆரம்பித்தது, பத்து வருஷத்துக்கு மேல் ஆடினார்.

மலைக் குளிரில் ராத்திரி யார் உட்காருவார்கள்? அதனால் மத்தியானம், அன்னதானம் முடிந்த கையோடு நாடகம். இடுப்பில் கோணிச் சாக்கு, வெறும் மேல், தோளில் தண்டவாளக் கட்டை என்று எங்கள் வீட்டு விறகுக் கட்டை. மூடுபனி இறங்கும். மனுஷன் நிஜமாகவே நடுங்குவார். சனங்கள் அதை நடிப்பு என்று நினைத்து உச்சுக்கொட்டுவார்கள். அன்றைக்குச் சாயங்காலம் முதுகில் தைலம் தேய்ப்பது நான்.

"அடுத்த வருஷமாச்சும் மேலுக்கு ஒரு சிங்லெட் போடுங்க" என்பேன்.

"சயாம்ல சிங்லெட் ஏதுலா" என்பார். அந்தத் திமிர் எனக்குப் பிடிக்கும், காட்டிக்கொள்ள மாட்டேன்.

கடைசிக் காட்சி பெரட்டு. தினமும் விடியலில் எங்களை வரிசையாக நிற்கவைத்துக் கணக்கெழுதும் கிராணி பேர் கூப்பிடுவாரே, அதேதான். பிரிஞ்சாங் சந்தையில் வாங்கிய தொப்பியைப் போட்டுக்கொண்டு இவர் கிராணி ஆகிவிடுவார். சயாமுக்குப் போய்த் திரும்பாதவர்களைக் கூப்பிடுவார். பேர் சொல்லக் கூசி லயத்து வீட்டு நம்பரைச் சொல்வார். "மேல் லயம், மூணாம் நம்பர்." முதல் வருஷம் யாரோ பெரட்டுப் பழக்கத்தில் எழுந்து, "ஆள் இல்லைங்க" என்று சொல்லிவிட்டார். அப்புறம் அதுவே வழக்கமாகிவிட்டது.

நாலாம் நம்பருக்குப் பிறகு இவர் ஆறுக்குத் தாவுவார். அஞ்சாம் நம்பர் என் அம்மா வீடு. அப்பாவைப் பிடித்துப் போனபோது நான் வயிற்றில் இருந்தேன். அம்மா தாலியைக் கழற்றவில்லை, பொட்டை அழிக்கவில்லை. முப்பது வருஷம் அந்தப் பொட்டோடுதான் கொழுந்து கிள்ளினாள். அவளை எழுப்பி "ஆள் இல்லை" என்று சொல்லச் சொல்வதா? "அந்த நம்பர் உங்க வாயில வந்துச்சுன்னா வீட்டுப் பக்கம் வந்துராதீங்க" என்று இவரிடம் கண்டிப்பாகச் சொல்லியிருந்தேன். அம்மாவைக் காப்பாற்றுகிற கெட்டிக்காரி என்று எனக்கு நினைப்பு.

ஒரு வருஷம் லேசாகத் தூறிக்கொண்டிருந்தது. அம்மா முன் வரிசையில் கம்பளி போர்த்தி உட்கார்ந்திருந்தாள். நாலாம் நம்பர் பதில் சொன்னது. இவர் வழக்கம்போல "ஆறாம் நம்பர்" என்றார். அம்மா எழுந்து நின்றாள். மருமகன் எதிரே சத்தமாகப் பேசியறியாதவள்.

"மாப்ள, அஞ்சாம் நம்பர விட்டுட்டீங்க."

இவர் என்னைப் பார்த்தார். நான் தரையைப் பார்த்தேன்.

"நானும் வருசா வருசம் பாக்குறேன், விட்டுட்டே போறீங்க. பெரட்டுல கூப்புடலன்னா அவரு இந்தத் தோட்டத்து ஆளே இல்லன்னு ஆயிடாதா?"

எனக்கு வெட்கமாக இருந்தது. இத்தனை வருஷமும் என் அப்பாவின் பேரை அடித்துவிட்டவள் நான்தான்.

இவர் தொப்பியைக் கழற்றி, திரும்பப் போட்டுக்கொண்டார். "மேல் லயம், அஞ்சாம் நம்பர்" என்று கூப்பிட்டார்.

"இன்னும் வரலைங்க" என்று சொல்லிவிட்டு அம்மா உட்கார்ந்தாள்.

அப்புறம் ஒவ்வொரு வருஷமும் அவள் அதையே சொன்னாள். எண்பதுகளின் நடுவில் பொட்டோடே போய்ச் சேர்ந்தாள்.

அடுத்த திருவிழாவுக்கு முன்னால் இவர் என்னிடம் கேட்டார், "கூப்பிடவா?"

"கூப்பிடுங்க" என்றேன்.

அப்பா செத்துவிட்டார் என்பது எனக்கு விவரம் தெரிந்த நாளிலிருந்து தெரியும். இதற்காக அம்மாவோடு எத்தனை சண்டை. முகத்தைக்கூடப் பார்த்ததில்லை. இனியாவது உள்ளதைச் சொல்லி முடித்துவிடலாம் என்று நினைத்துத்தான் போய் உட்கார்ந்தேன். அஞ்சாம் நம்பர் வந்தது. எழுந்து நின்றேன்.

"இன்னும் வரலைங்க" என்றேன்.