சீரியல் ஜட்ஜ் விட்ட கண்ணீர்

இன்று மத்தியானம் மரக்காணம் பஸ் ஸ்டாண்ட் பக்கத்து டீக்கடை டிவியில் தினமும் வரும் ஒரு கோர்ட் சீரியல் ஓடிக்கொண்டிருந்தது.

குடித்துவிட்டு லாரி ஓட்டி ஒருவனைக் கொன்ற டிரைவரின் அம்மா கதறினாள். ஜட்ஜ் கண்ணைத் துடைத்துக்கொண்டு அவனை விடுதலை செய்தார்.

"ஜட்ஜுன்னா இப்படித்தான் மனசு இருக்கணும்" என்றார் கடைக்காரர். நானும் தலையாட்டினேன்.

உப்பள வேலை முடிந்து டீ குடிக்க வந்திருந்த ஓர் அம்மா கிளாஸை டொக்கென்று வைத்தார்.

"செத்துப்போனவனுக்கு அம்மா இல்லியா? அவள ஏன் காட்டல?"

"சீரியலுக்குப் போய் ஏம்மா கத்துற?" என்றார் கடைக்காரர்.

"எம் புள்ளய லாரி ஏத்திக் கொன்னானே, அந்தக் கேசு திங்கக்கிழமை வருதுய்யா. அங்கயும் அவன் அம்மா அழுதா விட்டுடுவாங்களா? ஜட்ஜுன்னா ரெண்டு பேர் மூஞ்சியயும் பாக்கணும்."

கடைக்காரர் டிவி சத்தத்தைக் கூட்டினார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது, தலையாட்டிய என் மேலும்தான். ரிமோட்டைப் பிடுங்கி டிவியை நிறுத்தினேன்.

"இனிமே என் கடைப் பக்கம் வராத" என்றார். நானும் இனி அங்கே போகப்போவதில்லை.

தினமும் அந்த சீரியலைப் பார்த்து உருகுகிறவர்களே, அதில் செத்தவனின் அம்மாவுக்கு என்ன பேர்? தெரிந்தால் கமெண்டில் சொல்லுங்கள்.